‘செல்’ என்னும் ஒரு சொல்லும் அதன் பல பொருள்களும்

ஹைதராபாத் நகரின் கிழக்குப் பகுதியில், ஹப்சிகூடாவிலிருந்து உப்பலுக்குச் செல்லும் சாலையில், மத்திய அரசின் விஞ்ஞான, தொழில் ஆராய்ச்சிக் கழகத்தைச் சார்ந்த ஆராய்ச்சி நிலையம் ஒன்று உள்ளது. 1977ஆம் ஆண்டில் தோன்றி, 1987 நவம்பர் 26ஆம் நாள் தன் புதிய வளாகத்தில் நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்ட நிலையம் அது. அதன் ஆங்கிலப் பெயரில் ‘செல்லுலர்’, ‘மாலிக்யுலர்’ என்னும் இரண்டு அடைமொழிகள் உள்ளன. உயிர்களின் உடல் எதனால் ஆனதோ அந்தச் செல்லையும், செல் எவற்றால் ஆனதோ அந்த மூலக்கூறுகளையும் ஆராய்வது அதன் பணி என்பதை அப்பெயர் அறிவிக்கிறது.

அந்நிலையத்தின் வாயிலைக் கடந்து செல்லும் ஒருவருடைய சட்டைப் பையில் இருப்பது செல்போன். அவர் வீட்டுச் சுவர்க் கடிகாரத்தை ஓட்டுவது பென்சில் செல். அவர் மனுக் கொடுக்கச் செல்லும் அலுவலகத்தில் குறை கேட்பதற்கென்று ஒரு செல் உண்டு. விடுதலைப் போராட்ட வீரர்கள் பலர் அடைபட்டிருந்த அந்தமான் சிறையின் பெயரோ செல்லுலர் சிறை. ஆராய்ச்சி நிலையத்தின் பெயரிலும் சிறையின் பெயரிலும் இருப்பது ஒரே ஆங்கிலச் சொல்தான். ஒரு சொல் இத்துணை வேறுபட்ட பொருள்களை எவ்வாறு குறிக்கலாயிற்று? அதைத் தமிழில் பெயர்ப்போர் எதைக் கவனிக்க வேண்டும்? இவ்விரு வினாக்களுக்கும் விடை காண்பது மாணாக்கருக்கும் மொழிபெயர்ப்பாளருக்கும் பயன்தரும்.

சொல்லின் பிறப்பு

இச்சொல்லின் மூலம் ‘செல்லா’ என்னும் இலத்தீன் சொல். சிறு அறை, பண்டம் வைக்கும் அறை என்பன அதன் பொருள்கள். கிறிஸ்தவ மடங்களில் துறவியர் தனித்து உறையும் சிற்றறையை இச்சொல்லால் குறித்தனர். தேனடையில் வரிசையாக அமைந்த அறுகோண அறைகளுக்கும் இப்பெயரே வழங்கிற்று. துறவியின் அறையிலிருந்து கைதியின் அறைக்குப் பொருள் விரிவது இயல்பே. இரண்டிலும் ஒருவர் தனித்திருக்கிறார். ஒருவர் விரும்பி இருக்கிறார், மற்றவர் விருப்பமின்றி இருக்கிறார். 1906ஆம் ஆண்டில் கட்டி முடிக்கப்பட்ட அந்தமான் சிறையில் ஒரு கைதி மற்றொரு கைதியைக் காணாதவாறு ஏறத்தாழ 690 தனிக் கொட்டடிகள் அமைக்கப்பட்டன. அதனாலேயே அதற்குச் செல்லுலர் சிறை என்று பெயர் வந்தது.

விஞ்ஞானத்தில் இச்சொல்லைப் புகுத்தியவர் இங்கிலாந்தைச் சேர்ந்த ராபர்ட் ஹூக். 1665ஆம் ஆண்டில் வெளிவந்த ‘மைக்ரோகிராபியா’ என்னும் நூலில், தக்கையை மெல்லிய சீவலாக அரிந்து நுண்பெருக்கியில் நோக்கியதை அவர் விவரிக்கிறார். தக்கை முழுவதும் நுண்ணிய அறைகளாகப் பகுக்கப்பட்டிருந்ததைக் கண்டு, அவற்றை ‘செல்’ என்றார். ஓர் அங்குல நீளத்தில் 1,080 அறைகள் இருப்பதாக அவர் கணக்கிட்டார். அவ்வாறாயின் ஒரு சதுர அங்குலத்தில் 11,66,400 அறைகளும், ஒரு கன அங்குலத்தில் 125 கோடிக்கு மேற்பட்ட அறைகளும் இருத்தல் வேண்டும். நீரில் தக்கை மிதப்பதற்கும், அழுத்தினால் அமுங்கி மீண்டும் விரிவதற்கும், காற்றடைத்த இவ்வறைகளே காரணம் என்று அவர் விளக்கினார்.

பொருள் மாறியும் பெயர் மாறவில்லை

ஹூக் தக்கையில் கண்டவை இறந்துபோன திசுவின் சுவர்களே. உயிருள்ள பகுதி மறைந்து வெற்றறை மட்டும் எஞ்சியிருந்தது. ஆகையால் அவர் இட்ட பெயர் அவர் கண்ட பொருளுக்கு முற்றிலும் பொருந்தியது. பிற்காலத்தார் கண்டது வேறு. ராபர்ட் பிரௌன் 1831இல் தாவரச் செல்களினுள் உட்கருவைச் சுட்டிக் காட்டினார். தாவரங்கள் அனைத்தும் செல்களால் ஆனவை என்று ஷ்லைடன் 1838இலும், விலங்குகளுக்கும் அது பொருந்தும் என்று ஷ்வான் 1839இலும் கூறினர். முன்னிருந்த செல்லிலிருந்தே புதிய செல் தோன்றும் என்பதை விர்ச்சோ 1855இல் வலியுறுத்தினார்.

இவ்வாறு, சுவர் முதன்மை என்று கருதிய நிலை மாறி, சுவருக்குள் இருப்பதே உயிரின் இருப்பிடம் என்னும் நிலை வந்தது. விலங்கின் செல்லுக்குத் தாவரத்திற்கு உள்ளது போன்ற சுவரே கிடையாது. மெல்லிய சவ்வு மட்டுமே உண்டு. மனித இரத்தத்தின் முதிர்ந்த சிவப்புச் செல்லில் உட்கருவும் இல்லை. ஒரு கன மில்லிமீட்டர் இரத்தத்தில் ஏறத்தாழ 50 இலட்சம் என்ற அளவில் மிதந்து திரியும் அச்சிறு தட்டுகளை ‘அறை’ என்று எவரும் எண்ணார். ஆயினும் ‘செல்’ என்னும் பெயர் நிலைத்துவிட்டது. விஞ்ஞானத்தில் ஒரு சொல்லின் பொருளை அறிய அதன் வேர் மட்டும் போதாது என்பதற்கு இஃது ஒரு சான்று.

மின்சாரத் துறையில் செல்

1800ஆம் ஆண்டில் வோல்ட்டா, துத்தநாகத் தகட்டையும் வெள்ளி அல்லது செப்புத் தகட்டையும் இடையில் உப்பு நீரில் நனைத்த அட்டையை வைத்து மாறி மாறி அடுக்கி, தொடர்ந்து மின்னோட்டம் பெறும் வழியைக் கண்டார். விரைவில் அவ்வடுக்குக்கு மாற்றாக, தடுப்புகளால் பல அறைகளாகப் பிரிக்கப்பட்ட தொட்டி வந்தது. அத்தொட்டியின் ஒவ்வோர் அறையும் ‘செல்’ எனப்பட்டது. டேனியல் 1836இல் அமைத்த செல் ஏறத்தாழ 1.1 வோல்ட் மின்னழுத்தம் தந்தது.

ஒன்றுக்கு மேற்பட்ட செல்களை இணைத்த தொகுப்புக்கு ‘பாட்டரி’ என்று பெயர். வரிசையாக நிறுத்திய பீரங்கிகளைக் குறித்த அச்சொல்லை மின்சாரத் துறைக்குக் கொணர்ந்தவர் பெஞ்சமின் பிராங்கிளின். பேச்சு வழக்கில் கடிகாரத்திற்குப் போடும் தனிச் செல்லையும் பாட்டரி என்றே சொல்வர். ஆனால் கணக்கிடும் மாணாக்கர் இவ்வேறுபாட்டை மறத்தல் கூடாது. மோட்டார் வண்டியின் 12 வோல்ட் பாட்டரியில், ஒவ்வொன்றும் ஏறத்தாழ 2 வோல்ட் தரும் 6 செல்கள் தொடராக இணைக்கப்பட்டுள்ளன. ஒரு செல் பழுதானாலும் முழுத் தொகுப்பின் மின்னழுத்தம் குறைவது அதனாலேயே.

1954ஆம் ஆண்டில் அமெரிக்காவின் பெல் ஆய்வுக் கூடத்தார் சிலிக்கனால் ஆன சூரியச் செல்லை அறிவித்தனர். அதில் தொட்டியும் இல்லை, திரவமும் இல்லை, அறையும் இல்லை. மெல்லிய தகடு ஒன்றே உண்டு. மின்சாரம் தோற்றுவிக்கும் தனி உறுப்பு என்னும் ஒரே ஒப்புமையால் அதுவும் ‘செல்’ ஆயிற்று.

படிகம், தொலைபேசி, அலுவலகம்

படிகங்களை ஆராய்வோர், அணுக்களின் ஒழுங்கமைப்பில் திரும்பத் திரும்ப வரும் மிகச் சிறிய பகுதியையும் செல் என்பர். தமிழில் அஃது அலகுக்கூடு. கறியுப்பின் அலகுக்கூடு, பக்கத்துக்கு 0.564 நானோமீட்டர் அளவுள்ள கனசதுரம். அதற்கு நான்கு சோடியம் அயனிகளும் நான்கு குளோரின் அயனிகளும் உரியன. இங்கே செல்லுக்குச் சுவர் என்று எதுவுமில்லை. அதன் எல்லைகள் ஆராய்வோர் மனத்தில் வரைந்துகொள்ளும் கோடுகளே.

செல்போனில் உள்ள ‘செல்’, கருவியைக் குறிப்பதன்று, நிலப்பரப்பைக் குறிப்பது. ஒரு நகரைச் சிறு சிறு வட்டாரங்களாகப் பகுத்து, ஒவ்வொன்றிலும் ஒரு கோபுரத்தை நிறுவி, அண்மை வட்டாரங்களில் வெவ்வேறு அலைவரிசைகளையும், சேய்மை வட்டாரங்களில் முன்பு பயன்படுத்திய அதே அலைவரிசைகளையும் வழங்கினால், சில அலைவரிசைகளைக் கொண்டே பலர் பேச இயலும். 1947இல் பெல் ஆய்வுக் கூடத்தில் உருவான இத்திட்டத்தில் வட்டாரங்களை அறுகோணங்களாக வரைந்தனர். படத்தில் பார்த்தால் அது தேனடை போன்றே தோன்றும். இந்தியாவில் இச்சேவை 1995ஆம் ஆண்டில் தொடங்கிற்று. தமிழில் செல்பேசி என்றும், கைப்பேசி என்றும், அலைபேசி என்றும் வழங்குகின்றனர். இவற்றுள் ‘செல்பேசி’ ஆங்கில ஒலியைத் தாங்குவதோடு, செல்லும் இடமெல்லாம் பேச உதவுவது என்னும் தமிழ்ப் பொருளும் தருவது தற்செயலான பொருத்தம்.

அலுவலகத்தில் ஒரு குறிப்பிட்ட பணிக்கென ஒதுக்கிய சிறு குழுவும் செல் எனப்படுகிறது. தமிழ்நாட்டில் மக்கள் மனுக்களைப் பெறும் அத்தகைய அமைப்பை ‘முதலமைச்சரின் தனிப்பிரிவு’ எனத் தமிழில் குறித்துள்ளனர். ‘முதலமைச்சரின் தனியறை’ என்றோ ‘முதலமைச்சரின் உயிரணு’ என்றோ எவரும் பெயர்க்கவில்லை. சொல்லை விடுத்துப் பொருளைப் பெயர்த்தமையால் அத்தொடர் தெளிவாக அமைந்தது.

பொருள்களை இணைக்கும் மூன்று கருத்துகள்

மேற்கூறிய பயன்பாடுகளை ஆராய்ந்தால் மூன்று கருத்துகள் புலப்படும். முதலாவது, அடைப்பு: துறவியின் அறை, கொட்டடி, தேனடையின் அறை, தக்கையின் அறை. இரண்டாவது, ஒரு பெரும் பரப்பின் பல பகுதிகளுள் ஒன்று: அலகுக்கூடு, செல்பேசி வட்டாரம், அட்டவணையின் கட்டம். மூன்றாவது, தானே ஒரு தொழிலைச் செய்யும் சிற்றலகு: உயிருள்ள செல், மின்சாரச் செல், அலுவலகப் பிரிவு. ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குச் சொல் நகர்ந்ததேயன்றி, ஒவ்வொரு பொருளும் தனித்தனியே தோன்றவில்லை.

ஒரு வாக்கியத்தில் எப்பொருள் என்பதை உடன் வரும் சொற்கள் பெரும்பாலும் காட்டிவிடும். ஆயினும் அவையும் சில வேளை ஏமாற்றும். ‘செல்லின் மின்னழுத்தம் 1.5 வோல்ட்’ என்றால் மின்சாரச் செல் என்பது தெளிவு. ‘செல்லின் மின்னழுத்தம் 70 மில்லிவோல்ட்’ என்றாலோ, பேசப்படுவது பெரும்பாலும் நரம்பின் உயிருள்ள செல். ஓய்வில் இருக்கும் நரம்புச் செல்லின் சவ்வுக்கு உட்புறமும் வெளிப்புறமும் அவ்வளவு மின்னழுத்த வேறுபாடு உண்டு. மின்னழுத்தம் என்னும் சொல்லைக் கண்டவுடன் மின்கலம் என்று எழுதிவிடுபவர் தவறுவர். முழுப் பகுதியையும் படித்த பின்னரே சொல்லைத் தேர்தல் வேண்டும்.

ஹைதராபாதில் வழங்கும் மொழிகளில்

இப்பிரச்சினையை விரிவாக எதிர்கொண்ட நகரங்களுள் ஹைதராபாத் ஒன்று. உயர்கல்வி முழுவதையும் உருது மொழியில் கற்பிக்கும் நோக்குடன் உஸ்மானியா பல்கலைக்கழகத்தை நிறுவ நிஜாம் மீர் உஸ்மான் அலிகான் 1917இல் ஆணையிட்டார். பாடநூல்களை ஆக்கும் பொருட்டு அவ்வாண்டிலேயே மொழிபெயர்ப்பு நிலையம் ஒன்று ஏற்பட்டது. மௌல்வி அப்துல் ஹக் அதன் பொறுப்பை ஏற்றார். பல்கலைக்கழகம் 1918இல் தோன்றியது. பௌதிகம், இரசாயனம் மட்டுமன்றி, மருத்துவமும் பொறியியலும் அங்கே உருதுவில் கற்பிக்கப்பட்டன. ஆங்கிலமும் கட்டாயப் பாடமாக இருந்தது. ஹைதராபாத் 1948இல் இந்திய யூனியனுடன் இணைந்தபின் பயிற்றுமொழி ஆங்கிலமாக மாறிற்று. பிற்காலத்தில், 1958ஆம் ஆண்டில், ஆங்கில ஆசிரியர்களைப் பயிற்றுவிக்கும் மத்திய நிறுவனமும் இந்நகரிலேயே தொடங்கப்பட்டது.

உயிருள்ள செல்லுக்கு உருதுவில் ‘கலியா’ என்று பெயர். அரபு மொழியில் அது தேன்கூட்டையும் குறிக்கும் சொல். இந்தியில் ‘கோசிகா’, உறை, பெட்டி என்னும் பொருளுள்ள ‘கோசம்’ என்பதன் சிறுமை வடிவம் அது. தெலுங்கில் ‘கணம்’, அதன் முதற்பொருள் துகள். தெலுங்கில் மின்சாரச் செல்லுக்கோ ‘கடம்’, அதாவது பானை, என்று வேறு பெயர் உண்டு.

தமிழில் உயிருள்ள செல்லை உயிரணு என்கின்றனர். கண்ணறை என்று எழுதியோரும் உளர். இலங்கைத் தமிழ்ப் பாடநூல்களில் அது கலம். மின்சாரச் செல் மின்கலம். தமிழ்நாட்டுப் பள்ளிப் பாடநூல்களில் உயிரியலுக்குச் ‘செல்’ என்னும் சொல்லையே தமிழெழுத்தில் எழுதுகின்றனர். ஆனால் தமிழிலும் செல் என்னும் சொல் முன்பே உண்டு. வினையாயின் ‘போ’ என்று பொருள். பெயராயின் மேகத்தையும், இடியையும், ஏட்டை அரிக்கும் கறையானையும் குறிக்கும். செல்லரித்த ஏடு என்னும் தொடரை அறிந்த பாட்டிக்கும், உயிரியல் படிக்கும் பேரனுக்கும் இச்சொல் ஒரே பொருளைத் தராது.

ஆங்கிலம் ஒரு சொல்லால் குறிப்பனவற்றைத் தமிழ் உயிரணு, மின்கலம், கொட்டடி, கட்டம், அலகுக்கூடு, தனிப்பிரிவு எனத் தனித்தனிச் சொற்களால் குறிக்கிறது. இந்திய மொழிகளில் விஞ்ஞானத்திற்குரிய துல்லியம் இல்லை என்று கூறுவோர் இதனை நோக்குதல் வேண்டும்.

‘அணு’ என்னும் இடர்

அயல்மொழிச் சொல்லைப் பெயர்ப்பதில் உள்ள இடரைப் போலவே, அண்டை மொழிகளில் ஒரே சொல் வழங்குவதிலும் இடர் உண்டு. தமிழில் அணு என்பது ஆங்கிலத்தில் ‘ஆட்டம்’ எனப்படுவது. அணுக்கள் சேர்ந்தது மூலக்கூறு. இந்தி, தெலுங்குப் பாடநூல்களிலோ அணு என்பதே மூலக்கூறு. ஆட்டத்திற்குப் பெயர் பரமாணு. முதலிற் கூறிய ஹைதராபாத் நிலையத்தின் இந்திப் பெயரில் ‘மாலிக்யுலர்’ என்பதற்கு ‘ஆணவிக்’ என்னும் சொல் நிற்கிறது. தமிழர் ஒருவர் அதனைப் படித்து, அணுசக்தி சார்ந்த நிலையம் என்று கருதிவிடக் கூடும். அணுக் கனிமங்களை ஆராயும் மத்திய அரசு இயக்ககத்தின் தலைமையகமும் அதே நகரில்தான் உள்ளது. அதன் இந்திப் பெயரில் இருப்பது ‘பரமாணு’.

இது வெறும் சொல்லாராய்ச்சி அன்று என்பதை ஒரு நோய் உணர்த்தும். பிராணவாயு குறையும்போது இரத்தத்தின் சிவப்பணுக்கள் அரிவாள் போல வளைந்து, விறைத்து, நுண்குழாய்களை அடைக்கும் பரம்பரை நோய் ஒன்று உண்டு. ஆங்கிலத்தில் அதன் பெயர் ‘சிக்கிள் செல்’ சோகை. 1910இல் அமெரிக்க மருத்துவர் ஹெரிக் அதனை விவரித்தார். இரத்தத்தின் ஹீமோகுளோபின் என்னும் மூலக்கூறே அதில் மாறுபட்டுள்ளது என்று 1949இல் பாலிங்கும் அவர் உடனாய்வாளர்களும் காட்டி, அதனை ‘மூலக்கூறு நோய்’ என்றனர். இந்தியாவில் அம்மரபுக் கூறு 1952இல் நீலகிரிப் பழங்குடியினரிடையே முதன்முதல் கண்டறியப்பட்டது. அந்நோயை ஒழிக்கும் தேசிய இயக்கத்தை மத்திய அரசு 2023 ஜூலை முதல் நாள் தொடங்கியது.

இந்நோய் பற்றிய இந்தி அறிக்கை ஒன்றில் ‘ஆணவிக்’ என்றிருப்பதைத் தமிழில் ‘அணு நோய்’ என்று பெயர்த்தால், கதிர்வீச்சினால் வந்ததோ என்று மக்கள் ஐயுறுவர். ‘சிக்கிள் செல்’ என்று ஒலியை மட்டும் எழுதினால், ஆங்கிலம் அறியாத தாய்க்கு அதில் ஒன்றும் விளங்காது. அவர் அறிய வேண்டியவை சிலவே: இரத்தச் சிவப்பணுக்கள் அரிவாள் போல வளைகின்றன; இது தொற்று நோய் அன்று; பெற்றோரிடமிருந்து வருவது; தாய் தந்தை இருவரும் நோயின்றி அம்மரபுக் கூற்றை மட்டும் தாங்கியிருந்தால், ஒவ்வொரு குழந்தைக்கும் நோய் வரும் வாய்ப்பு நான்கில் ஒன்று. ‘அரிவாளணுச் சோகை’ என்னும் தமிழ்ப் பெயர் இவற்றுள் முதற்செய்தியையேனும் உடனே தந்துவிடுகிறது. எஞ்சியவற்றைச் சொல்லி விளக்குதல் மருத்துவப் பணியாளரின் கடமை.

முடிவுரை

ஆகவே மொழிபெயர்ப்போர் கடைப்பிடிக்கத் தக்க நெறிகள் மூன்று. முதலில், சொல் எத்துறையில், எப்பொருளுக்கு வந்துள்ளது என்பதை முழுப் பகுதியையும் படித்துத் துணிதல் வேண்டும். அடுத்து, ஒரு கட்டுரையில் ஒரு பொருளுக்கு ஒரே சொல்லை முதலிலிருந்து இறுதிவரை வழங்குதல் வேண்டும். ஒரு பத்தியில் உயிரணு என்றும் மறு பத்தியில் கலம் என்றும் எழுதினால் இரண்டும் வேறு என்று மாணாக்கர் கருதுவர். மூன்றாவதாக, அண்டை மொழியிலிருந்து பெயர்க்கையில், ஒலி ஒன்றாயிருப்பதால் பொருளும் ஒன்றென்று கொள்ளாமல் சரிபார்த்தல் வேண்டும்.

ஹூக் வெற்றறைகளுக்கு இட்ட பெயர், அவர் காணாத உயிருள்ள பொருளுக்கும் நிலைத்துவிட்டது. அப்பெயரைப் பயில்வோரின் வழக்கே அதற்குப் புதிய பொருளை நல்கியது. தமிழ்க் கலைச்சொற்களுக்கும் அதுவே வழி. அகராதியில் இடம் பெறுவதோடு நில்லாமல், வகுப்பறையிலும் ஆய்வுக்கூடத்திலும் மருத்துவமனையிலும் நாள்தோறும் ஒரே பொருளில் வழங்கப்பட்டால், அவை ஐயத்திற்கு இடமின்றி நிலைபெறும்.